ஆண்டறிக்கை 2024–25: பதிவு மூப்பும் தேர்வு மதிப்பெண்ணும்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழு, பொதுக்குழு உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

அரசுப் பள்ளி ஆசிரியர் நியமனத்துக்கு வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு மூப்பு அடிப்படையாக இருக்க வேண்டுமா, தேர்வு மதிப்பெண் அடிப்படையாக இருக்க வேண்டுமா என்ற கேள்வியிலேயே நமது சங்கம் இந்த ஆண்டின் பெரும்பகுதியைச் செலவிட்டது. மூத்த உறுப்பினர்கள் ஒரு பக்கமும் அண்மையில் பட்டயப் படிப்பு முடித்தவர்கள் மறுபக்கமும் நின்று வாதிட்டதால், சங்கத்தின் நிலைப்பாட்டைச் சற்று விரிவாகவே பதிவு செய்கிறேன்.

பதிவு மூப்பு முறையைப் பழமை என்று தள்ளிவிடுவது எளிது. ஆனால் பரிந்துரைக்கு ஆளில்லாத ஒரு கிராமத்துப் பெண், மூன்றாண்டுக்கு ஒருமுறை பதிவைத் தவறாமல் புதுப்பித்து வந்தால் தன் முறை வரும்போது அழைப்புக் கடிதம் வரும் என்று நம்புவதற்கு அந்த முறை இடமளித்தது. நேர்காணல், செல்வாக்கு எதற்கும் அதில் வேலையில்லை. அதே வேளையில், பதினைந்து ஆண்டுகள் காத்திருந்த ஒருவர் இன்றைய பாடத்திட்டத்தை எவ்வளவு அறிந்திருக்கிறார் என்பதைப் பதிவு எண் சொல்லாது; வகுப்பில் அமர்ந்திருக்கும் குழந்தைக்கு அதுவே முதன்மையானது. ஆகவே தேர்வே கூடாது என்ற வாதத்தைச் செயற்குழு ஏற்கவில்லை.

நம் உறுப்பினர்களின் இழப்புக்குக் காரணம் தேர்வு அல்ல, விதிகள் அடுத்தடுத்து மாறியதே என்பது என் உறுதியான கருத்து. கல்வி உரிமைச் சட்டத்தைத் தொடர்ந்து 2010 ஆகஸ்ட் 23 அன்று தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம் வெளியிட்ட அறிவிக்கையால் ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) கட்டாயமானது. தமிழ்நாட்டில் முதல் தேர்வு 2012 ஜூலையில் நடந்தது. 150 மதிப்பெண்ணுக்கு 90 பெற்றால் தேர்ச்சி என்றிருந்தது, 2014 பிப்ரவரியில் இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 82 ஆகக் குறைந்தது. அதே ஆண்டு மே 30 அன்று வந்த அரசாணை 71, டெட் மதிப்பெண்ணுக்கு 60 விழுக்காடும் பிளஸ் டூ மற்றும் பட்டய, பட்டப் படிப்பு மதிப்பெண்களுக்கு எஞ்சிய 40 விழுக்காடும் வழங்கியது. பிளஸ் டூவில் மதிப்பெண் எளிதில் கிடைக்காத காலத்தில் படித்தவர்கள், டெட்டில் நன்றாக எழுதியும் வெயிட்டேஜ் எனப்பட்ட இந்த மதிப்பெண் பகிர்வில் பின்தங்கினார்கள். 2016 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இந்த ஆணையைச் செல்லும் என்று கூறியது. பின்னர் 2018 ஜூலையில் அரசாணை 149 வெயிட்டேஜைக் கைவிட்டு, டெட் தேர்ச்சி பெற்றவர்களும் தனியாக ஒரு போட்டித் தேர்வு எழுத வேண்டும் என்றது. 2013-இல் தேர்ச்சி பெற்றுக் காத்திருந்தவர்கள் மீண்டும் தொடக்கத்துக்கே வந்து நின்றார்கள்.

இந்த அறிக்கை ஆண்டில் 2024 ஜூலை 21 அன்று இடைநிலை ஆசிரியர் பணிக்கான போட்டித் தேர்வு நடைபெற்றது. முதலில் அறிவிக்கப்பட்ட 1,768 இடங்கள் பின்னர் 2,768 ஆக உயர்த்தப்பட்டதை வரவேற்கிறோம். குடும்பப் பொறுப்புடன் தேர்வு எழுதிய மூத்த உறுப்பினர்களுக்கு இளைய உறுப்பினர்களே வார இறுதிகளில் பாடம் சொல்லிக் கொடுத்தார்கள். கூட்டங்களில் எதிரெதிரே நின்றவர்கள் அவர்கள் என்பதால் செயலாளர் என்ற முறையில் இதில் மிகுந்த நிறைவடைகிறேன்.

2024 நவம்பர் 7 அன்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, ஆள்தேர்வு தொடங்கிய பின், நடைமுறையில் உள்ள விதிகளோ விளம்பரமோ அனுமதித்தாலன்றித் தகுதி விதிகளை இடையில் மாற்றக் கூடாது என்று தீர்ப்பளித்தது. தேர்வுப் பட்டியலில் இடம்பெறுவதாலேயே பணி உரிமை வந்துவிடாது என்றும் அதே தீர்ப்பு கூறுகிறது. நம் பழைய வழக்குகளை இது மீட்டுத் தரும் என்று உறுப்பினர்கள் எண்ணிவிடக் கூடாது. நம்மைப் பாதித்த மாற்றங்கள் பெரும்பாலும் ஓர் அறிவிப்புக்கும் அடுத்த அறிவிப்புக்கும் இடையே வந்தவை. எனினும் அதன் அடிப்படை நியாயம் நம் கோரிக்கைக்குத் துணை நிற்கிறது.

வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே வாசிப்பார்.

பொதுக்குழுவின் ஒப்புதலுக்கு வைக்கப்படும் தீர்மானம் இதுவே: போட்டித் தேர்வு ஆண்டுதோறும் குறித்த மாதத்தில் நடத்தப்பட வேண்டும், நியமன விதியை மாற்றும்போது, முந்தைய விதியின்கீழ் தேர்ச்சி பெற்றவர்களுக்குக் குறிப்பிட்ட காலம் வரை தனி ஒதுக்கீடு தர வேண்டும், சம மதிப்பெண் பெற்றவர்களுக்குள் பதிவு மூப்பைக் கொண்டு முன்னுரிமை முடிவு செய்ய வேண்டும். இத்தீர்மானம் நிறைவேறினால், பள்ளிக் கல்வித் துறைக்கும் ஆசிரியர் தேர்வு வாரியத்துக்கும் உறுப்பினர்களின் கையொப்பத்துடன் அனுப்பி வைக்கப்படும்.

இவண்,
செயலாளர்