முருங்கைப் போத்தும் கடலடிப் பங்காளிகளும்

அன்புள்ள சண்முகம்,

உன் கடிதம் கிடைத்தது. பேத்திக்குக் காது குத்தியாயிற்று என்று படித்ததும் வீட்டில் எல்லாருக்கும் சந்தோஷம். இங்கே என் முழங்கால் அப்படியேதான் இருக்கிறது. போன வாரக் காற்றில் முருங்கை சாய்ந்துவிட்டது. உங்கள் வீட்டுக் கொல்லையில் வெட்டி, சைக்கிள் கேரியரில் கட்டிக் கொண்டுவந்த போத்து, நினைவிருக்கிறதா? ஒடிந்த கிளைகளை அக்கம்பக்கத்தார் ஆளுக்கொன்றாக நட்டுவிட்டார்கள். இனித் தெரு முழுக்க உன் வீட்டு மரம்தான்.

எனக்குப் பிடித்திருக்கும் பவளப் பைத்தியம் உனக்குத் தெரியும். கரீபியன் கடலில் எல்க்ஹார்ன் என்றொரு பவளம், மான் கொம்பு மாதிரி அகலமாகக் கிளை விடும். புயலில் ஒடிந்த கிளை, விழுந்த இடத்திலேயே ஒட்டிக்கொண்டு வளரும். நம் முருங்கையேதான். மரபணுவைச் சோதித்தபோது, தனித்தனியாகத் தெரிந்த கொத்துகள் சில திட்டுகளில் ஒரே உயிரின் துண்டுகள் என்று தெரிந்தது.

அங்கேதான் சிக்கல். ஆகஸ்ட் பௌர்ணமிக்குச் சில நாள் கழித்து, இருட்டிய பிறகு, முட்டையும் விந்தும் சேர்ந்த சின்ன உருண்டைகளை மிதக்கவிடும். ஒரே உயிரின் துண்டுகளுக்குள் அநேகமாகக் கரு உண்டாகாது. மண்டபம் நிறையக் கூட்டம், அத்தனையும் பங்காளி. பெண் எடுக்க ஆள் இல்லை!

கிழக்குக் கரீபியன் கூட்டமும் மேற்குக் கூட்டமும்கூட அதிகம் கலப்பதில்லை என்று 2005இல் ஓர் ஆய்வு காட்டியது. டொமினிக்கன் குடியரசுக்கும் போர்ட்டோ ரிக்கோவுக்கும் நடுவிலுள்ள மோனா நீரிணைப் பக்கம் எல்லை. திறந்த கடலில் இப்படியொரு வேலி! போர்ட்டோ ரிக்கோவில் மட்டும் கொஞ்சம் கலப்பு உண்டு.

மேற்குக் கூட்டத்தைச் சேர்ந்த அமெரிக்காவின் புளோரிடாவுக்கு 2023 கோடையில் கேடு வந்தது. கடல் அவ்வளவு சூடு. அதன் தென்முனையில் உள்ள கீஸ் தீவுகளை ஒட்டி எல்க்ஹார்னும் அதன் உறவு இனமும் 97 சதவீதத்துக்கு மேல் செத்தன. அப்புறம் மத்திய அமெரிக்காவின் ஹொண்டுராஸிலிருந்து பவளம் கொண்டுவந்து, புளோரிடாப் பவளத்தோடு கலந்து, பிறந்த குஞ்சுகளை 2025இல் மயாமி அருகே நட்டார்கள். வெளிக்கடல் ரத்தம் கலந்தால் அது புளோரிடாப் பவளமா என்று கேட்பவர்கள் இருப்பார்கள். சுத்தம் பார்க்க அங்கே மிச்சம் என்ன இருக்கிறது?

சரி, போன மழைக்காலத்துக் கம்பளிப்பூச்சி இந்த முருங்கையில் ஓர் இலையை விடவில்லை. தை மாதம் வரும்போது உன் மைத்துனர் வீட்டு மரத்தில் ஒரு போத்து வெட்டிக் கொண்டு வா. உன் வீட்டு மரம் வேண்டாம், கோபித்துக்கொள்ளாதே.

அன்புடன்,
கணேசன்