படத்தின் பட்டா யார் பெயரில்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பஞ்சாபி சினிமாவில் நடிகைகளாக வந்து இயக்குநர்களான பெண்களைப் பற்றி உங்கள் ஞாயிறு பக்கத்தில் வந்த கட்டுரையைப் படித்தோம். சண்டிகர், லூதியானா பக்கத்துப் படங்களுக்குத் தமிழ் நாளிதழ் ஒன்று முழுப் பக்கம் ஒதுக்குவது அபூர்வம். அதற்கு நன்றி. ஆனால் கட்டுரை முழுக்க அவர்கள் இயக்கியதையே பேசிவிட்டு, சில படங்களைத் தயாரித்தும் இருக்கிறார்கள் என்று ஒரே வரியோடு தயாரிப்பை முடித்துக்கொண்டது. கிருஷ்ணகிரி, தருமபுரி வட்டாரத்தில் பட விநியோகம், தயாரிப்பு நிர்வாகம், ஒப்பந்த வேலை என்று இந்தத் தொழிலிலேயே இருக்கிறோம். எங்களைக் கேட்டால், அந்த ஒரு வரிதான் தலைப்பாக வந்திருக்க வேண்டும்.

நம் நாட்டின் 1957-ம் ஆண்டு பதிப்புரிமைச் (காப்பிரைட்) சட்டப்படி ஒரு திரைப்படத்தை ஆக்கியவர் என்றால் அது தயாரிப்பாளர்தான், இயக்குநர் இல்லை. படம் எடுக்க யார் முன்முயற்சியும் பொறுப்பும் எடுத்துக்கொள்கிறாரோ அவரே தயாரிப்பாளர் என்கிறது சட்டம். வேறுவிதமாக ஒப்பந்தம் இல்லாதவரை முதல் உரிமையும் அவருடையதே. படம் வெளியான ஆண்டு கழிந்து 60 ஆண்டுகளுக்கு அது செல்லும். உழுது, விதைத்து, அறுத்தது எல்லாம் இயக்குநராகவே இருந்தாலும் பட்டா தயாரிப்பாளர் பெயரில். டப்பிங், சாட்டிலைட், ஓடிடி என்று பின்னால் வரும் வருமானம் பெரும்பாலும் அந்தப் பட்டாவைப் பிடித்துக்கொண்டுதான் வரும். ஆகவே ஒரு பெண் இயக்கினார் என்ற செய்தியோடு யார் தயாரிப்பில் இயக்கினார் என்பதும் சேர்ந்தால்தான் செய்தி முழுமை.

லாகூரில் 1951-ல் வந்த 'சன் வே' என்ற பஞ்சாபிப் படத்தை இயக்கியவர் நூர்ஜஹான். பாகிஸ்தானின் முதல் பெண் இயக்குநர் என்று அவரைச் சொல்வார்கள். தயாரித்தவர் அவர் கணவர் சௌகத் ஹுசைன் ரிஸ்வி. பெயர் மனைவிக்கு, படம் கணவருக்கு. நம் பக்கத்தில் அதற்குப் 15 ஆண்டு முன்பே டி.பி.ராஜலட்சுமி தன் சொந்தத் தயாரிப்பாகவே 'மிஸ் கமலா'வை 1936-ல் இயக்கிவிட்டார் என்பதை உங்கள் கட்டுரையாளர் ஒரு வரி சேர்த்திருக்கலாம். பானுமதியும் 1953-ல் 'சண்டிராணி'யைப் பரணி நிறுவனத்துக்காகத்தான் இயக்கினார். பரணி அவர் குடும்பத்து நிறுவனம்.

கட்டுரை ப்ரீத்தி சப்ருவை இரண்டு வாக்கியத்தில் கடந்தது வருத்தம். இந்தி நடிகர் டி.கே.சப்ருவின் மகள் அவர். 1982-ல் 'சர்பஞ்ச்' முதலான படங்களில் பஞ்சாபி நடிகர் வீரேந்தருடன் நடித்தவர். அந்த வீரேந்தர் 1988 டிசம்பர் 6 அன்று படப்பிடிப்பிலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். பஞ்சாபில் தீவிரவாதம் உச்சத்தில் இருந்த காலம். அது நடந்து இரண்டு ஆண்டுக்குள், 1990-ல், 'குர்பானி ஜட் தி' படத்தை ப்ரீத்தி இயக்கினார், நடிக்கவும் செய்தார். தர்மேந்திரா, குகு கில் எல்லாம் அதில் உண்டு. அந்த நிலையில் ஒரு யூனிட்டைக் கிராமத்துக்குக் கூட்டிப்போய், பொழுது சாயும் முன் பத்திரமாகத் திருப்பிக் கொண்டுவருவதே பெரிய வேலை. 2022-லும் அவர் இயக்கத்தில் ஒரு படம் வந்தது. இத்தனை ஆண்டு கழித்தும் மெகபோனைப் பிடித்தார் என்பதைக் கட்டுரை சொல்லவே இல்லை.

நீரு பஜ்வா விஷயத்தில் கட்டுரை வரிசையை மாற்றிவிட்டது. கனடாவில் பிறந்தவர், 1998-ல் தேவ் ஆனந்த் படத்தில் அறிமுகம், 2004-ல் பஞ்சாபிக்கு வந்தார், 2012-ல் 'ஜட் அண்ட் ஜூலியட்' பெரிய வெற்றி. இதுவரை சரி. அதன்பின் அவர் முதலில் செய்தது தயாரிப்பு. தன் பெயரிலேயே நிறுவனம் வைத்து 2016-ல் 'சன்னோ கம்லி யார் தி' தயாரித்தார். இயக்கத்தை வேறொருவரிடம் கொடுத்தார். 2017 பிப்ரவரியில்தான் 'சர்கி' மூலம் இயக்குநரானார். தங்கை ரூபினா பஜ்வா அதில் நாயகி. தயாரிப்பு முதலில், இயக்கம் அடுத்தது. இந்த வரிசை தற்செயலாக இருந்தாலும் நல்ல வரிசை. பணம் எந்தெந்த ஓட்டையில் போகிறது என்று ஒரு படத்தில் பார்த்தவருக்கு அடுத்த படத்தில் ஷாட் பிரிக்கும்போதே கணக்கு ஓடும்.

பஞ்சாபியில் ஒரு தனிச் சிக்கல் இருக்கிறது. அங்கே பெரும்பாலும் பாடகர்களே நாயகர்கள். பாட்டு முதலில் விற்கும், படம் அதன் தோளில் ஏறி வரும். பாட்டு உரிமையும் நாயகனும் ஒரே கையில் இருந்தால் அந்தக் கைதான் படத்தின் முதலாளி. நடிகையிடம் அந்தப் பிடி கிடையாது. தானே பணம் புரட்டி, தானே பொறுப்பேற்றால்தான் கதையில் பெண்ணுக்கு நடு இடம் கிடைக்கும். துணிச்சல் என்று கட்டுரை பாராட்டியதில் பாதி இந்தக் கணக்குதான்.

இனிப் பணம். நம் தருமபுரி, கிருஷ்ணகிரி இரண்டும் விநியோகத்தில் 'சேலம் ஏரியா'. அதுபோல அங்கே 'ஈஸ்ட் பஞ்சாப்' என்ற ஏரியா. பஞ்சாபோடு ஹரியானா, இமாச்சல், ஜம்மு காஷ்மீர் எல்லாம் அதற்குள் வரும். அதற்கு வெளியே கனடா, இங்கிலாந்து, ஆஸ்திரேலியா. பஞ்சாபிப் படத்துக்கு வெளிநாடு என்பது உபரி வரும்படி இல்லை. படத்தை நிமிர்த்துவதே பலமுறை அதுதான். அதனால் ஒப்பந்தத்தில் எந்த நாடு, எத்தனை ஆண்டு என்று எழுதாமல் விட்டால் தலைவலி. சட்டம் என்ன சொல்கிறது என்றால், உரிமை மாற்றும் பத்திரத்தில் காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டுதான். எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும்தான். கதாசிரியரிடம் இப்படி அரைகுறையாக எழுதி வாங்கிய தயாரிப்பாளர் டொராண்டோவில் படம் போடும் அன்று மாட்டிக்கொள்வார். வாங்கிய உரிமையை ஒரு வருடத்துக்குள் பயன்படுத்தாவிட்டால், வேறுவிதமாக எழுதியிருந்தால் ஒழிய, அது காலாவதியாகிவிடும் என்பதும் அதே பிரிவில் இருக்கிறது. கதையை வாங்கி மூன்று வருடம் பீரோவில் வைப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

கடன் வாங்கும் விதம் இன்னும் முக்கியம். மாதம் 2 ரூபாய் வட்டிக்கு ஒரு கோடி எடுத்தால் மாதம் 2 லட்சம். ரிலீஸ் ஆறு மாதம் தள்ளினால் 12 லட்சம் காற்றில் போகும். ஒரு நாயகியின் சம்பளம் சில நேரம் அவ்வளவுதான். பட்ஜெட்டில் 10 சதவீதம் எதிர்பாராச் செலவுக்கு ஒதுக்குவது வழக்கம். ஆனால் அந்த 10 சதவீதத்தை முதல் ஷெட்யூலிலேயே கலைச் செலவுக்கு எடுத்துவிடுவார்கள், கடைசியில் ரீ-ரெக்கார்டிங்குக்குக் கை நீட்ட வேண்டிவரும். தனி உரிமையாளர் பெயரில் கம்பெனி தொடங்கினால் படத்தின் கடன் வீடு வரை வரும். சாவித்திரி 1971-ல் 'பிராப்தம்' தயாரித்து இயக்கி இழந்ததை நம் ஊரில் தெரியாதவர் இல்லை. எல்.எல்.பி. (வரையறுத்த பொறுப்புள்ள கூட்டு நிறுவனம்) அல்லது பிரைவேட் லிமிடெட் என்று தொடங்கினால் பொறுப்பு போட்ட முதலோடு நிற்கும். நிற்கும் என்பது காகிதத்தில். ஃபைனான்சியர் தனிப்பட்ட ஜாமீன் கையெழுத்தும் தேதி போடாத செக்கும் கேட்டு, அதைக் கொடுத்துவிட்டால் எல்.எல்.பி. இருந்தும் பயன் இல்லை. அந்த இரண்டு கையெழுத்தில்தான் ஒரு நடிகையின் இருபது வருடச் சம்பாத்தியம் அடங்கியிருக்கிறது.

விநியோகஸ்தரிடம் எம்.ஜி. (மினிமம் கேரண்டி) வாங்குவதா, அட்வான்ஸா, கமிஷனா என்பது அடுத்தது. எம்.ஜி. என்றால் படம் ஓடாவிட்டாலும் அந்தத் தொகை தயாரிப்பாளருடையது, நஷ்டம் வாங்கியவர் தலையில். அட்வான்ஸ் என்றால் வசூலாகாத பாக்கியைத் திருப்பித் தர வேண்டும். இரண்டையும் ஒன்றென்று நினைத்துச் செலவழித்துவிட்டு அடுத்த படத்தின் ரிலீஸ் நாளில் பழைய பாக்கிக்காக முடங்கியவர்கள் எந்த மொழியிலும் உண்டு. முன்பு லேபில் நெகட்டிவைப் பிடித்து வைப்பார்கள். இப்போது பிடிப்பது கே.டி.எம். என்ற சாவியை. தியேட்டருக்கு டி.சி.பி. என்ற படத்தின் டிஜிட்டல் பிரதிக் கோப்பு வியாழக்கிழமையே வந்து சர்வரில் ஏறியிருக்கும். ஆனால் அந்த சர்வருக்கென்று, குறிப்பிட்ட நாள்-மணிக்கென்று தயாரான சாவி வராதவரை திரையில் ஒன்றும் ஓடாது. ஃபைனான்சியர் கிளியரன்ஸ் வெள்ளிக்கிழமை பகல் 11 மணிக்கு வந்தால் காலைக் காட்சி போச்சு. கவுண்டரில் நிற்பவர்கள் திட்டுவது தியேட்டர் மேனேஜரை.

நடித்துக்கொண்டே இயக்குவதைப் பற்றிக் கட்டுரை மேலோட்டமாகத்தான் பேசியது. கேமராவுக்கு முன்னால் நிற்பவரால் ஃபிரேமைப் பார்க்க முடியாது. அதனால் ஒவ்வொரு ஷாட்டுக்கும் மானிட்டரில் பிளேபேக் பார்க்க வேண்டும். ஷாட்டுக்கு 5 நிமிடம் என்றாலும் ஒரு நாள் 20 ஷாட் எடுத்தால் 100 நிமிடம் போய்விடும். எட்டு மணி நேரக் கால்ஷீட்டில் இது ஐந்தில் ஒரு பங்குக்கும் மேல். கட் சொல்லும் அதிகாரத்தை இணை இயக்குநருக்கு முதல் நாளே யூனிட் முன்னிலையில் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் எதிரில் நடிப்பவர் ஷாட் ஓடும்போதே இயக்குநரின் முகத்தைப் பார்த்துச் சரியா என்று தேடுவார். அந்தப் பார்வை எடிட்டிங்கில் அப்படியே தெரியும். 'சர்கி'யில் தங்கையை நாயகியாக வைத்து நீரு கேமராவுக்குப் பின்னால் நின்றதில் இந்த லாபமும் இருக்கிறது என்பது எங்கள் கணிப்பு.

வெளிநாட்டு ரிலீஸில் ஆங்கில சப்டைட்டில் தப்பாமல் வேண்டும். பலர் இதைக் கடைசி வாரத்தில் செய்து கெடுத்துக்கொள்கிறார்கள். விநாடிக்கு 25 ஃபிரேமில் எடிட் செய்த பிரதியை வைத்து சப்டைட்டில் போட்டுவிட்டு, டி.சி.பி.யை 24 ஃபிரேமில் எடுத்தால் இரண்டு மணி நேரப் படத்தில் கடைசிக்குள் சுமார் 5 நிமிடம் விலகிப்போகும். கதாநாயகி அழுதுகொண்டிருப்பாள், கீழே கல்யாணப் பேச்சு ஓடும்.

இதெல்லாம் நமக்கு எதற்கு என்று யாரும் கேட்கலாம். லூதியானாவையும் ஜலந்தரையும் தாண்டி வரும் அதே 44-ம் எண் தேசிய நெடுஞ்சாலைதான் கிருஷ்ணகிரி, தருமபுரி வழியாகப் போகிறது. சாலையோரப் பஞ்சாபி தாபாக்களில் ஓடும் பாட்டில் பாதி அந்த ஊர்ப் படப் பாட்டு. அது ஒரு பக்கம். நம் இரண்டு மாவட்டக் கல்லூரிகளிலும் குறும்படம் எடுக்கும் பெண் பிள்ளைகள் கூடிவிட்டார்கள். கேமரா, எடிட்டிங் எல்லாம் நன்றாகவே தெரிகிறது. காகிதம்தான் இல்லை. தோழி எழுதிய கதைக்கு வாட்ஸ்அப்பில் 'எடுத்துக்கோ' என்று வந்த பதிலை நம்பி இறங்குகிறார்கள். சட்டப்படி உரிமை மாற்றம் கையெழுத்திட்ட எழுத்தில் இருக்க வேண்டும். ஒரு பக்கம் போதும்: எந்தக் கதை, என்னென்ன உரிமை, எத்தனை ஆண்டு, எந்தெந்த நாடு, எவ்வளவு பணம் அல்லது பங்கு. இசையமைத்தவரிடமும் தனியாக ஒன்று. செலவுக்கு ஐம்பதாயிரம் கொடுத்த மாமாவிடமும் ஒன்று, அது கடனா பங்கா என்று. கடன் என்றால் மாமா கடன் கொடுத்தவர், பங்கு என்றால் மாமாவும் பங்குதாரர்.

எருது விடும் விழாவைக் கதையில் வைப்பது நம் பக்கம் சகஜம். பஞ்சாபிக் கிராமப் படங்களில் குதிரையும் எருமையும் வருவது போல. மாட்டை வைத்துப் படமெடுக்க விலங்குகள் நல வாரியத்தின் முன் அனுமதி வேண்டும், தணிக்கைக்குப் போகும்முன் தடையில்லாச் சான்றும் வேண்டும். எடுத்து முடித்தபின் ஓடினால் அந்தக் காட்சியை வெட்டச் சொல்வார்கள். கதையே அந்தக் காட்சி என்றால் படம் நின்றுவிடும். பருவமும் அப்படித்தான். அங்கே கடுகு மஞ்சளாய்ப் பூத்திருப்பது ஜனவரி, பிப்ரவரி. கோதுமை அறுப்பு ஏப்ரல். இங்கே மாந்தோப்பில் காய் தொங்க வேண்டுமென்றால் மே, ஜூன். தவறினால் அடுத்த வருடம், அதுவரை வட்டி.

பத்துப் பேர் வேலை செய்யும் யூனிட் என்றாலே 2013-ம் ஆண்டுச் சட்டப்படி பாலியல் புகார்களை விசாரிக்கும் உள்ளகக் குழு அமைக்க வேண்டும். தலைவர் பெண், உறுப்பினர்களில் பாதிக்குக் குறையாமல் பெண்கள், வெளியாள் ஒருவர். அமைக்காவிட்டால் அபராதம் 50,000 ரூபாய் வரை. இந்தப் பொறுப்பும் வேலை கொடுப்பவர் என்ற முறையில் தயாரிப்பாளருடையது. 2022-ல் கேரள உயர் நீதிமன்றம் படத் தயாரிப்பு யூனிட்டுகளுக்கே இது பொருந்தும் என்று சொல்லிவிட்டது. தயாரிப்பாளர் நாற்காலியில் ஒரு பெண் உட்கார்ந்தால் சம்பளப் பட்டியல் மட்டும் அவர் கைக்கு வருவதில்லை என்று சொல்லத்தான் இது.

உங்களிடம் ஒரு கோரிக்கை. உங்கள் திரை விமர்சனப் பெட்டியில் நடிப்பு, இசை, ஒளிப்பதிவு, இயக்கம் என்று நான்கு வரி வருகிறது. 'தயாரிப்பு' என்று ஐந்தாவதாக ஒரு வரி சேர்த்து, கம்பெனிப் பெயரோடு அதன் பின்னால் உள்ள ஆளின் பெயரையும் போடுங்கள். தணிக்கைச் சான்றிதழில் விண்ணப்பதாரர், தயாரிப்பாளர் பெயர்கள் இருக்கும். படம் தொடங்கும் முன் திரையில் சில விநாடி அது வரும்போதே உங்கள் விமர்சகர் குறித்துக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
திரைப்பட விநியோகம் மற்றும் தயாரிப்பு நிர்வாகப் பணியில் உள்ள சிலர்,
கிருஷ்ணகிரி.