குன்றக்குடியும் ஜெருசலேமும்: முக்கோணக் கட்டுரைக்கு ஒரு பதில்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த முக்கோணக் கட்டுரையைப் படித்தேன். படங்கள் அருமை, நடையும் சலிக்காமல் போகிறது. ஆனால் குன்றக்குடி முருகனுக்கு வரையும் யந்திரத்தில் இருக்கும் ஆறுமுனை நட்சத்திரமும் இஸ்ரேல் கொடியில் இருப்பதும் ஒன்றேதான், அதனால் ஆதியில் நாமும் அவர்களும் ஒரே கூட்டம் என்று கட்டுரையாளர் ஒரு போடு போட்டிருக்கிறாரே, அதை எப்படி ஐயா அப்படியே விட்டீர்கள்? நான் காரைக்குடிப் பக்கம் பழைய வீடுகளைப் பழுதுபார்க்கும் வேலை செய்கிறவன், கொத்தனார் ஆசாரிகளோடு பொழுது போகிறவன். முக்கோணம் எனக்குத் தினப்படி சாமான் என்பதால் சிலதைச் சொல்லியே ஆக வேண்டும்.

காம்பஸை எடுத்து ஒரு வட்டம் போடுங்கள். விரித்த அளவை மாற்றாமல், வட்டத்தின் மேலேயே ஒரு இடத்தில் ஆரம்பித்து வெட்டிக்கொண்டே வந்தால் ஆறாவது வெட்டு புறப்பட்ட இடத்திலேயே வந்து விழும். ஒன்று விட்டு ஒன்றாகச் சேர்த்தால் ஒரு முக்கோணம், விட்டுப்போன மூன்றையும் சேர்த்தால் தலைகீழாக இன்னொன்று, நட்சத்திரம் தயார். ஒரு முளையும் கயிறும் இருந்தால் எந்த ஊர்க்காரனும் இதைக் கண்டுபிடித்துவிடுவான். வாசல் கோலத்தையே பாருங்களேன், நேர்ப்புள்ளி வைத்தால் கட்டம் கட்டமாக வரும், இடுக்குப்புள்ளி வைத்தால் பக்கத்துப் பக்கத்து மூன்று புள்ளிகள் முக்கோணமாக நிற்கும், அப்புறம் நட்சத்திரம் வராமல் பார்த்துக்கொள்வதுதான் கஷ்டம். மார்கழியில் எங்கள் தெருப் பெண்கள் போடும் கோலத்துக்கு ஜெருசலேமிலிருந்து யாரும் வந்து புள்ளி வைத்துக் கொடுக்கவில்லை. ஆறு முனையில் சரவணபவ என்ற ஆறெழுத்தை எழுதிக் கும்பிடுவது நம் வழக்கம், அது நாம் ஏற்றிய பொருள். டெல்லியில் ஹுமாயூன் கல்லறை முகப்பிலும் இதே நட்சத்திரம் இருக்கிறது, அவரை எந்தக் கூட்டத்தில் சேர்ப்பது? யூதர்களின் பழைய அடையாளம் ஏழு கிளை விளக்கு. பிராகு நகரத்து யூதர்கள் இடைக்காலத்திலேயே நட்சத்திரத்தைக் கொடியில் வைத்திருந்தார்கள் என்றாலும், அது அவர்கள் எல்லோருக்கும் பொதுவான சின்னமாகப் பரவியது 19-ஆம் நூற்றாண்டில்தான். 1948-இல் நாட்டுக் கொடியில் ஏறியது.

மேல் நோக்கினால் சிவம், நெருப்பு, கீழ் நோக்கினால் சக்தி, நீர், இது உலகம் பூராவும் ஒன்றுதான் என்றும் எழுதியிருக்கிறார். முதல் பாதியில் சண்டை இல்லை. ஸ்ரீசக்கரத்தில் கீழ் நோக்கிய ஐந்தும் மேல் நோக்கிய நான்கும் பின்னிக்கொண்டு 43 சின்ன முக்கோணங்களைக் கொடுக்கின்றன. அதைக் கையால் வரைந்து பார்த்தவர்களுக்குத் தெரியும், மூன்று கோடுகள் ஒரே புள்ளியில் சந்திக்க வேண்டிய இடத்தில் ஒன்று மயிரிழை விலகினால்கூட வேண்டாத குட்டி முக்கோணம் ஒன்று முளைத்துவிடும். ஐரோப்பாவின் பழைய ரசவாதிகளும் நெருப்புக்கு மேல் நோக்கியும் நீருக்குக் கீழ் நோக்கியும்தான் போட்டார்கள், அதுவும் சரி. ஆனால் உலகம் பூராவும் என்றால் எப்படி? என் வயதுக்காரர்களுக்குத் தலைகீழ்ச் சிவப்பு முக்கோணம் என்றால் ஆஸ்பத்திரிச் சுவரில் எழுதிய குடும்பக் கட்டுப்பாடு விளம்பரம்தான் ஞாபகம் வரும். ரோட்டில் அதே தலைகீழ் முக்கோணம் வழி விடு என்கிறது, நிமிர்ந்து நின்றால் முன்னால் வளைவு, பார்த்துப் போ என்கிறது. நாஜி முகாம்களில் கைதிகளின் சட்டையில் தைத்ததும் தலைகீழ் முக்கோணமே, அரசியல் கைதிக்குச் சிவப்பு, ஓரினச்சேர்க்கையாளருக்கு இளஞ்சிவப்பு என்று. இதில் சக்தி எங்கே, நீர் எங்கே? போதாக்குறைக்கு நம் அசைவ ஊறுகாய் பாட்டிலையும் பாருங்கள், முன்பு பழுப்பு வட்டம் இருந்த இடத்தில் இப்போது பழுப்பு முக்கோணம். பச்சையையும் பழுப்பையும் பிரித்துப் பார்க்க முடியாதவர்களுக்கும் புரியட்டும் என்று 2020 விதிகளில் மாற்றினார்கள். எனக்கென்னவோ கட்டுரையில் சொன்ன எல்லா ரகசியத்தையும்விட இந்த மாற்றம்தான் உபயோகமானதாகத் தெரிகிறது.

ஓவியத்துக்கு லியோனார்டோ வரைக்கும் போனவர், செட்டிநாட்டு வீட்டு முகப்புகளில் சுதையில் நிற்கும் கஜலட்சுமியைச் சொல்லியிருக்கலாம். இரண்டு பக்கமும் யானை, நடுவில் உயரமாக லட்சுமி, கண் தானாக மேலே ஏறும். சரி, அது போகட்டும்.

எனக்குப் பெரிய வருத்தம் விட்டுப்போனவற்றைப் பற்றி. நான்கு சட்டத்தை நான்கு மூலையில் ஒவ்வோர் ஆணி அடித்து நிறுத்தித் தள்ளிப் பாருங்கள், சாய்ந்துவிடும். மூன்று சட்டம் என்றால் சட்டமே முறிந்தாலொழிய அசையாது, ஏனென்றால் மூன்று பக்க நீளமும் முடிவாகிவிட்டால் வேறு வடிவமே கிடையாது. கதவு நிலையைப் பட்டறையிலிருந்து வண்டியில் ஏற்றுவதற்கு முன்னால் ஆசாரி மூலையில் குறுக்காக ஒரு ரீப்பர் அடித்து அனுப்புவது இதற்காகத்தான். ஓட்டுக் கூரை நிற்பதும் இதனால்தான், 1914-இல் திறந்த பழைய பாம்பன் பாலத்தின் தூக்குப் பகுதியில் பார்த்த இரும்புப் பின்னலும் இதுதான்.

இன்னொன்று நில அளவை. 1802-இல் வில்லியம் லாம்டன் என்ற ஆங்கிலேய நில அளவையாளர் சென்னைப் பரங்கிமலைப் பக்கம் சுமார் ஏழரை மைல் நீளத்துக்கு நேர்க்கோடு ஒன்றைச் சங்கிலி போட்டு அளந்தார். அதன் பிறகு பெரும்பாலும் கோணம் மட்டும் பார்த்து, முக்கோணத்தின் மேல் முக்கோணமாக ஒட்டிக்கொண்டே போனார்கள், அந்த வேலைதான் பிற்பாடு எவரெஸ்டின் உயரம் வரை போய்ச் சேர்ந்தது. தஞ்சைப் பக்கம் சமவெளி, மலை கிடையாது, அதனால் கோயில் கோபுரங்களின் மேல் கருவியை ஏற்றினார்கள். 1808-இல் தஞ்சைப் பெரிய கோயிலில் தியோடலைட் என்ற கோணம் அளக்கும் அரை டன் கருவியை மேலே இழுக்கும்போது அது கோபுரத்தில் மோதிப் பழுதாகிவிட்டது, லாம்டன் வாரக்கணக்கில் உட்கார்ந்து சரிசெய்தார். இதில் ஒரு அழகு என்னவென்றால், அந்தப் பெரிய முக்கோணங்களில் கோணங்களைக் கூட்டினால் 180 டிகிரிக்குக் கொஞ்சம் மேலே போகும். பூமி உருண்டை அல்லவா, சுமார் 200 சதுர கிலோமீட்டருக்கு ஒரு டிகிரியில் 3600-இல் ஒரு பங்கு கூடும். அதையும் கழித்துத்தான் கணக்குப் போட்டார்கள். நம் கோபுரங்கள் நிற்கிற கதை இது, இதற்கு ஒரு வரிகூட இல்லையே!

கடைசியாக வாட்ஸ்அப்பில் ரொம்ப நாளாகச் சுற்றும் அந்த 'ஓடும் நீளம்' தமிழ்ச் செய்யுள். நீளத்தை எட்டுக் கூறாக்கி ஒன்றைத் தள்ளி, உயரத்தில் பாதியைச் சேர்த்தால் கர்ணம், அதாவது செங்கோண முக்கோணத்தின் சாய்வுக் கோடு, வந்துவிடும், பிதாகரஸ் தேவையே இல்லை என்கிறார் கட்டுரையாளர். போட்டுப் பார்த்தாரா? நீளம் 4, உயரம் 3 என்றால் மூன்றரையும் ஒன்றரையும் 5, சுத்தம். 12, 5 என்றால் 13, அதுவும் சுத்தம். 10, 10 போடுங்கள், 13.75 வருகிறது, வர வேண்டியது 14.14, அடிக்கணக்கில் ஏறக்குறைய ஐந்து அங்குலம் உதைக்கிறது. 100, 1 போட்டால் 88 வரும், தரையில் கிடக்கிற கோட்டைவிடச் சாய்வுக் கோடு 12 அடி குட்டை! சமன்பாடு போட்டுப் பார்த்தால் 4:3, 12:5 என்ற இரண்டு வடிவத்துக்கு மட்டுமே இது அச்சாக வரும். அதற்காக மட்டமான விதி என்று சொல்ல மாட்டேன், இந்த இரண்டுக்கும் இடைப்பட்ட சாய்வுகளில் பிசகு ரொம்பக் குறைவு. 8 அடி நீளம், 4 அடி உயரம் என்றால் 9 வரும், உண்மை 8.94. கூரைக்குக் கைமரம் அறுக்கிற ஆசாரிக்கு இது தாராளம். ஆனால் கடைக்காலுக்கு நூல் பிடிக்கும் எங்கள் கொத்தனார் 3, 4, 5 வைத்துத்தான் மூலைமட்டம் பார்ப்பார். பெருமைதான் வேண்டும் என்றால் வேள்வி மேடைக்கு அளவு சொல்லும் பழைய நூலான போதாயன சுல்ப சூத்திரத்தைச் சொல்லலாம், பிதாகரஸுக்கு முந்தியது என்று கருதப்படுகிறது, மூலைவிட்டத்தின் மேல் எழும் சதுரம் இரண்டு பக்கச் சதுரங்களின் கூட்டு என்று பிசகில்லாமல் சொல்கிறது, ஆனால் அது சமஸ்கிருதம்.

எங்கள் பக்கத்துப் பள்ளிப் பிள்ளைகள் மேடையில் அந்தச் செய்யுளைச் சொல்லிக் கைதட்டல் வாங்குகிறார்கள். அடுத்த இதழில் அந்த 10-க்கு 10 கணக்கையாவது ஒரு கட்டம் கட்டிப் போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகன்,
காரைக்குடி