3.6 என்ற எண்

அன்புள்ள முருகேசனுக்கு,

அம்மாவுக்குக் கண் அறுவைச் சிகிச்சை நல்லபடியாக முடிந்தது என்று படித்ததும் நிம்மதி. 1986 அணு உலை விபத்தைப் பற்றிய 'செர்னோபில்' தொடரின் முதல் பகுதியைப் பார்த்துவிட்டு, “அந்த 3.6 எங்கிருந்து வந்தது?” என்று கேட்டிருந்தாய். அந்தப் பகுதியின் உயிரே அந்த எண்தான்.

அவர்கள் கையில் இருந்த கதிர்வீச்சு அளக்கும் கருவி, விநாடிக்கு 1000 மைக்ரோ ராண்ட்ஜன் (ராண்ட்ஜன் என்பது கதிர்வீச்சின் அலகு) வரைதான் காட்டும். 3600 விநாடியால் பெருக்கிப் பார், மணிக்கு 3.6 ராண்ட்ஜன். அதாவது முள் உச்சியில் போய் முட்டி நிற்கிறது. அதற்கு மேல் எவ்வளவு என்று அதற்குச் சொல்லத் தெரியாது. “குறைந்தது 3.6” என்று சொல்ல வேண்டியதை “3.6” என்று சொல்லிவிடுகிறார்கள். அன்றிரவு சோதனையை நடத்திய தியாத்லோவ் வாயிலிருந்து தலைமைப் பொறியாளர் ஃபோமின், நிலைய இயக்குநர் பிரியுகானோவ் என்று மேலே போகப் போக அந்த எண் உறுதியாகிக்கொண்டே போகிறது. பிறகு 200 வரை காட்டும் கருவியும் உச்சியில் முட்டி நின்றால், கருவியே பழுது என்கிறார்கள்!

தரையில் கிடக்கும் கறுப்புத் துண்டுகளைக் கவனித்தாயா? அது கிராஃபைட். செர்னோபிலில் இருந்த ஆர்பிஎம்கே வகை உலையில், அணுவைப் பிளக்கும் நியூட்ரானின் வேகத்தைக் குறைக்க எரிபொருள் குழாய்களைச் சுற்றி அடுக்கியிருப்பது. உலையின் நடுவயிற்றைத் தவிர அதற்கு அங்கே வேறு இடமில்லை. அது வெளியே கிடந்தால் உலை திறந்துவிட்டது என்று பொருள். அதைத்தான் அந்தத் தீயணைப்பு வீரர் கையில் எடுக்கிறார். (கூடங்குளத்தில் இருப்பது விவிஇஆர் என்ற வேறு வகை உலை. அதில் நியூட்ரானின் வேகத்தைக் குறைப்பது தண்ணீர், கிராஃபைட் இல்லை. இதையும் கேட்பாய் என்று தெரியும்.)

வெடிப்பையே நேரில் காட்டாமல், பக்கத்து ஊரான பிரிப்பியாத்தில் ஒரு வீட்டு ஜன்னல் வழியாக ஒரு ஒளியை மட்டும் காட்டியது எனக்கு ரொம்பப் பிடித்தது. வெளிச்சம் முதலில் வருகிறது, அதிர்வு பின்னால் வருகிறது. உலை ஏறக்குறைய 3 கிலோமீட்டர் தள்ளி இருந்ததால் சத்தம் வந்து சேர ஒன்பது விநாடி பிடிக்கும். இயக்குநர் யோகான் ரெங்க் அந்த இடைவெளியை விழுங்கிவிடவில்லை.

குறையும் உண்டு. ஊருக்கு அருகே ரயில் பாலத்தில் நின்று தீயை வேடிக்கை பார்த்தவர்கள் ஒருவரும் பிழைக்கவில்லை என்று தொடர் கடைசியில் சொல்வதற்கு ஆதாரம் கிடையாது. தியாத்லோவை முழு வில்லனாக்கியதும் நியாயமில்லை. சர்வதேச அணுசக்தி முகமையின் 1992 அறிக்கை, பழியில் பெரும்பங்கை உலையின் வடிவமைப்பு மீதே வைத்தது. அந்த விளக்கம் ஐந்தாம் பகுதியில்தான் வருகிறது. அதுவரை எதையும் தேடிப் படிக்காதே, ஹெட்போன் போட்டுக்கொண்டு பார். தொடரின் இசையமைப்பாளர் ஹில்டுர் குட்னடோட்டிர் இசைக்கான ஒலிகளை லித்துவேனியாவில் மூடப்பட்ட இக்னலினா அணுமின் நிலையத்திலேயே போய்ப் பதிவு செய்தார். சின்ன ஸ்பீக்கரில் அந்த முனகல் காதில் விழாது.

அன்றிரவு உலையை இயக்கிய அகிமோவும் தொப்துனோவும் தண்ணீருக்குள் நின்று வால்வுகளைக் கையால் திறக்கும் காட்சியை இன்னொரு முறை போட்டுப் பார். தொப்துனோவுக்கு வயது 25. உலைக்குத் தண்ணீர் போகட்டும் என்று திருகுகிறார்கள். அந்த நேரம் அங்கே உலையே இல்லை. இருவருமே மே மாதம் பாதி முடிவதற்குள் இறந்துவிட்டார்கள்.

அம்மாவிடம் விசாரித்ததாகச் சொல். இரண்டாம் பகுதி பார்த்ததும் எழுது.

அன்புடன்,
ராஜா