நீலி வேறு, இது வேறு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அழகான பெண் உருவில் வந்து ஆண்களை விழுங்கும் வேற்றுக்கிரகவாசிப் படங்கள் எல்லாமே நம் மோகினிக் கதைக்கு ராக்கெட் மாட்டியவைதான் என்று சென்ற ஞாயிறு இணைப்பில் படித்தேன். சதையைக் காட்டிக் காசு பார்க்கும் படங்கள் இருக்கின்றன, சரி. அதற்காக எல்லாவற்றையும் ஒரே கூடையில் அள்ளிப் போட்டது எனக்கு வருத்தம்.

நம் பழங்கதையில் பேயாக வந்து பழிவாங்கும் பழையனூர் நீலி, கள்ளிக் கொம்பைக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு வணிகன் பின்னால் வருகிறாள். முற்பிறவியில் அவன் அவளைக் கொன்றவன். எழுபது வேளாளர் முன்னால் அவள் வழக்குப் பேசும்போது நடுக்கத்தோடு அவள் பக்கத்து நியாயமும் நமக்குப் புரிகிறது. வேற்றுக்கிரக உயிருக்கு நம்மேல் பழைய பகை எதுவும் கிடையாது. வயிற்றைக் கலக்குவது அதுதான்.

முப்பது வருடம் கடலூரில் விலங்கியல் நடத்தியவள் நான். ஒருமுறை மாணவிகளோடு தேவனாம்பட்டினம் கடற்கரைக்குப் போயிருந்தோம். ஈர மணலில் ஒரு பைசேலியா, ஜெல்லிமீன் போலத் தெரியும் கடலுயிர், ஒதுங்கிக் கிடந்தது. நீலக் கண்ணாடியில் ஊதியது போன்ற காற்றுப்பை, மேல் விளிம்பில் லேசான ரோஸ். "எவ்ளோ அழகு டீச்சர்!" என்று ஒருத்தி குனிந்து கையை நீட்டிவிட்டாள். மணிக்கட்டைப் பிடித்து இழுத்தேன். கடலில் அதன் கொட்டும் இழைகள் 30 மீட்டர் வரைகூட நீளும். செத்துக் கரையில் கிடந்தாலும் கொட்டும். ஒரே பிராணி போலத் தெரியும், உண்மையில் பல உயிரிகள் சேர்ந்த கூட்டம். அவளை மயக்க வேண்டும் என்று அது நினைக்கவில்லை, நினைக்க அதற்கு மூளையே இல்லை. ஆனாலும் கை போனது. இழுத்து வந்த பிறகும் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே நடந்தாள்.

1979-இல் வந்த 'ஏலியன்' படத்துக்காக சுவிஸ் ஓவியர் கீகர் வடிவமைத்த உயிருக்குக் கண்கள் வெளியே தெரியாது. அது எங்கே பார்க்கிறது என்று தெரியாமலே நாம் அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

2013-இல் வந்த 'அண்டர் த ஸ்கின்' இன்னும் ஒரு படி மேலே போகிறது. பெண் உருவில் வந்த வேற்றுக்கிரகவாசியாக நடிக்கும் ஸ்கார்லெட் ஜோஹான்சன் வேனில் ஸ்காட்லாந்துத் தெருக்களைச் சுற்றி ஆண்களை ஏற்றுகிறார். அவர்களில் சிலர் நடிகர்களே இல்லை, மறைத்து வைத்த கேமராவில் பதிவானவர்கள். முதல் பாதி தூண்டில்தான், ஒப்புக்கொள்கிறேன். அப்புறம் என்ன நடக்கிறது? முகத்தில் கட்டிகள் உள்ள ஒருவரை அவள் போகவிட்டுவிடுகிறாள். கண்ணாடி முன் நின்று, தான் போர்த்தியிருக்கும் மனித உடம்பை உற்றுப் பார்க்கிறாள். ஓட்டலில் ஒரு துண்டு கேக்கை வாயில் வைத்து, விழுங்க முடியாமல் துப்பிவிடுகிறாள். மயக்க வந்தது நம்மைக் கண்டு மயங்கி நிற்கிறது. மணலில் குனிந்த என் மாணவியைத்தான் அந்தக் கேக் மேசையில் பார்த்தேன்.

நீலியின் கதையில் இப்படி ஓர் இடம் கிடையாது. கட்டுரையாளர் மறுபடி எழுதினால் அந்தக் கேக் காட்சிக்கு ஒரு பத்தியாவது ஒதுக்கச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற விலங்கியல் ஆசிரியை,
மஞ்சக்குப்பம், கடலூர்.