ஹஸ்கிக்கு அட்வான்ஸ் கொடுக்கும் முன்

அன்புள்ள கயலுக்கு,

அம்மா எழுதுகிறேன். வாங்கப்போகிறோம் என்று நீ வாட்ஸ்அப்பில் படம் அனுப்பிய ஹஸ்கி நாய்க்குட்டி நீலக் கண்ணும் பஞ்சு உடம்புமாக அழகாகத்தான் இருக்கிறது. போனில் பேசினால் பாதியிலேயே "மீட்டிங்மா" என்பாய், அதனால்தான் இந்தக் கடிதம்.

சைபீரியப் பனியில் வண்டி இழுத்த சாதி அது. உடம்பில் இரண்டு அடுக்கு முடி. நாய்க்கு நம்மைப்போல் உடம்பெல்லாம் வியர்க்காது, நாக்கைத் தொங்கப்போட்டு இரைத்துத்தான் சூட்டைத் தணித்துக்கொள்ளும். மே மாத வேளச்சேரியில் நீங்கள் இருவரும் ஆபீஸ் போனபின் கரண்ட் போனால் யார் பார்ப்பது? ஏசி இருக்கே என்பார் மாப்பிள்ளை. ஏசி பேச்சுத்துணைக்கு ஆகாதே! வெயிலைவிட அந்தத் தனிமைதான் எனக்கு உறுத்துகிறது.

நீ சென்னைக்குப் போன புதிதில் நம் வீட்டு நாய் மணி பட்ட பாடு உனக்கு முழுசாகத் தெரியாது. வைத்த சோறு தட்டிலேயே காய்ந்து கிடக்கும். சாயங்காலம் காலேஜ் பஸ் ஹாரன் அடித்தால் மட்டும் எழுந்து ஓடுவான். இறங்குகிற பிள்ளைகளின் காலையெல்லாம் மோந்து பார்த்துவிட்டுத் திரும்பி வருவான். கொடியில் கிடந்த உன் துப்பட்டாவை இழுத்துப்போட்டு, ஒரு நூல்கூடப் பிரிக்காமல், அதன்மேல் மூக்கை வைத்துப் படுத்துக்கொள்வான். "நாய்க்கென்ன தெரியும்" என்ற உன் அப்பாவேதான் ராத்திரியில் அவன் பக்கத்தில் பாய் போட்டுக்கொண்டார்.

உங்கள் குட்டியும் தனியாக இருந்து சோபாவைக் கடிக்கும். நீ அதட்டினால் காதை மடக்கித் தலை குனியும். செய்த தப்பு தெரிகிறது பார் என்பீர்கள். 2009-ல் அலெக்சாண்ட்ரா ஹோரோவிட்ஸ் என்ற ஆராய்ச்சியாளர் இதைச் சோதித்துப் பார்த்தார். தின்னாதே என்று சொல்லி வைத்த தின்பண்டத்தைத் தொடாத நாய்கூட, திட்டு வாங்கியதும் அதே முகத்தைத்தான் காட்டியது. உன் கோபத்துக்குப் பயந்து வருகிற முகம் அது.

விற்பவர் குட்டிக்கு ஐந்து வாரம் என்கிறாராமே, ஆளை நம்பாதே. 8 வாரம் ஆகாத குட்டியை விற்கக்கூடாது என்று 2017-லேயே விதி வந்துவிட்டது. கூடப்பிறந்ததுகளோடு கடித்து விளையாடித்தான் எவ்வளவு அழுத்திக் கடிக்கலாம் என்று ஒரு குட்டிக்குப் புரியும்.

நாய்தான் வேண்டுமென்றால், உங்கள் வாட்ச்மேன் சோறு போடும் அந்தச் செவலை நாயைக் கேள். காது நுனி வெட்டியிருந்ததே, கருத்தடை ஆன அடையாளம் அது. நம் வெயிலுக்குப் பழகியது. வெறிநாய்த் தடுப்பூசியும் மாநகராட்சி லைசென்ஸும் நீ பார்த்துக்கொள். சாக்லேட், திராட்சை, வெங்காயம் எதுவும் அதற்குக் கொடுத்துவிடாதே. பகலில் ஒருவராவது வீட்டிலிருந்து வேலை பார்க்க முடியுமா என்று பேசி முடிவு செய்யுங்கள்.

மாப்பிள்ளைக்கு நாய் முடி ஒத்துக்கொள்ளுமா என்றும் டாக்டரிடம் காட்டிவிடு. போன பொங்கலுக்கு வந்தபோது மணி பக்கத்தில் உட்கார்ந்து விடாமல் தும்மிக்கொண்டிருந்தார். மரியாதைக்காக, தூசி என்று சொல்லிவிட்டார்.

அன்புடன்,
அம்மா