எதிர்வண்டிக்காரர் பாவம் என்று விட்டுவிடுகிறார்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

சாலை விபத்து இழப்பீடு பற்றித் தங்கள் இதழில் வந்த கட்டுரை, தீர்ப்பாயங்களில் வழக்குகள் இழுத்தடிப்பதைச் சரியாகவே சொல்லியிருந்தது. ஆனால் தீர்ப்பாயத்தின் படியையே மிதிக்காமல் போகிறவர்களைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. எம்.சி.ஓ.பி. எனப்படும் விபத்து இழப்பீட்டு மனுக்களின் கட்டுகளோடு காலம் தள்ளி ஓய்வுபெற்றவன் என்பதால் எழுதுகிறேன்.

நான் பார்த்த வரையில், அடிபட்டவர் மனு போடாமல் போவதற்குப் பெரிய காரணம் சோம்பல் அல்ல, இரக்கம். "மோதின பையனும் இல்லாதப்பட்டவன்தான், இவ்வளவு பணத்துக்கு எங்கே போவான்?" என்று ஸ்டேஷனிலேயே பேசி முடித்து, ஆஸ்பத்திரிச் செலவுக்குக் கொஞ்சம் வாங்கிக்கொண்டு, புகார் இல்லை என்று எழுதிக் கொடுத்துவிடுகிறார்கள். அந்தப் பையனின் வண்டிக்கு தேர்டு பார்ட்டி இன்சூரன்ஸ் இருந்தால், தீர்ப்புத் தொகையைக் கட்டப்போவது கம்பெனி. இதற்காகத்தான் சட்டம் அதைக் கட்டாயமாக்கி வைத்திருக்கிறது. இன்சூரன்ஸே இல்லாத வண்டி என்றால் உரிமையாளர் தலையில்தான் விடியும். லைசென்ஸ் இல்லாதவர் ஓட்டியிருந்தால், முதலில் கம்பெனி கட்டட்டும், பிறகு உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளட்டும் என்று பல வழக்குகளில் உத்தரவாகியிருக்கிறது. மற்றபடி, நாம் காட்டும் இரக்கத்தில் மிச்சம் பிடிப்பது கம்பெனிதான்.

இன்னொன்று, "எம்.ஏ.சி.டி. (விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாய) கேஸ்தானே, எப்போது வேண்டுமானாலும் போடலாம்" என்ற பேச்சு. இதைச் சொல்பவர்கள் பொய் சொல்லவில்லை. மோட்டார் வாகனச் சட்டத்தின் 1994 திருத்தத்துக்குப் பிறகு நெடுங்காலம் அப்படித்தான் இருந்தது. 2019 திருத்தம் 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தபோது, விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்றாகிவிட்டது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை வழக்குகள் போயிருக்கின்றன. அவற்றை நம்பி யாரும் தள்ளிப்போட வேண்டாம். கால் எலும்பு கூடி, எழுந்து நடமாடிய பிறகு வக்கீலைப் பார்க்கலாம் என்றிருந்தால் ஆறு மாதம் ஓடியே போய்விடும். சிகிச்சை முடியாவிட்டாலும் மனு போடலாம். பில்களையும் டிஸ்சார்ஜ் சம்மரியையும் பிறகு சேர்த்துக்கொள்ளலாம்.

சம்பளச் சீட்டு இல்லை, அதனால் ஒன்றும் கிடைக்காது என்று கொத்தனாரும் சித்தாளும் சொல்லக் கேட்டிருக்கிறேன். வருமானத்துக்குத் தாள் இல்லாவிட்டால் தீர்ப்பாயமே ஒரு தொகையை ஊகித்துக் கணக்கிடும். வீட்டு வேலை மட்டும் பார்க்கும் பெண்களுக்கும் அப்படிக் கணக்கிடுவதை 2021-இல் உச்ச நீதிமன்றம் மீண்டும் உறுதிசெய்தது. டாக்டர் தரும் ஊன சதவீதமே முடிந்த முடிவும் அல்ல. அந்தக் காயத்தால் அவரவர் தொழில் எவ்வளவு கெட்டது என்று பார்க்க வேண்டும் என்பது 2010-இல் வந்த தீர்ப்பு. முழங்கால் மடங்காத கணக்குப்பிள்ளை நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்ப்பார். சாரம் ஏறும் கொத்தனார் என்ன செய்வார்?

ஹெல்மெட் போடவில்லை என்ற குற்றவுணர்விலேயே ஒதுங்குகிறவர்களும் உண்டு. ஹெல்மெட் போடாதது தப்புதான். ஆனால் கால் முறிந்ததற்கும் ஹெல்மெட்டுக்கும் என்ன சம்பந்தம்? நம் பக்கமும் கவனக்குறைவு இருந்தால் அந்த விகிதத்துக்குத் தொகை குறையும், அவ்வளவே. மோதிய வண்டி எதுவென்றே தெரியாவிட்டாலும் வழி இருக்கிறது: கொடுங்காயத்துக்கு 50,000 ரூபாய், உயிரிழப்புக்கு 2 லட்சம் என்று அரசுத் திட்டம் உண்டு; கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியர் அலுவலகத்தில் விசாரிக்கலாம். விபத்து நடந்த ஊருக்கே அலைய வேண்டும் என்பதும் இல்லை. குடியிருக்கும் ஊருக்கு உரிய தீர்ப்பாயத்திலேயே மனு போடலாம்.

ஆஸ்பத்திரி வாசலிலேயே நின்று "வர்றதுல இவ்வளவு பர்சன்ட்" என்று பேரம் பேசும் புரோக்கர்களிடம் மட்டும் வெற்றுத்தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். தீர்ப்புத் தொகையில் பங்கு பேசுவது வக்கீலுக்கே விதிப்படி கூடாது. வக்கீலுக்குக் கொடுக்க வழியில்லாதவர்கள் நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேட்கலாம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமலே இலவச வக்கீல் தருவார்கள்.

இதே பொருளில் மறுபடி கட்டுரை வெளியிட்டால், அந்த ஆறு மாதக் கணக்கைத் தனிப் பெட்டிச் செய்தியாகப் போடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

தங்கள் வாசகர்,
ஓய்வுபெற்ற நீதிமன்ற ஊழியர்,
விருத்தாசலம்.